தனிக் கார்டு கேட்டவர்

மதராஸ் மெயில் பாலக்காட்டையடுத்த ஒலவக்கோட்டில் வந்து நின்றபோது வேலுச்சாமி சார் இறங்கவில்லை. ஜன்னலோரம் தோல்பையை மடியில் அணைத்தபடி உட்கார்ந்திருந்தவரை, தூங்குகிறார் என்று எண்ணித் தட்டி எழுப்பப் போன போர்ட்டர்தான் முதலில் தெரிந்துகொண்டார். எங்கள் அலுவலகத்துக்குக் கீழே இருக்கும் லாரி புக்கிங் ஆபீசுக்குத் தொலைபேசி வந்தது. அதன் மானேஜர் மாடி ஏறி வந்து கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார். என் முகத்தைப் பார்க்காமல் டைப்ரைட்டரைப் பார்த்துக்கொண்டே விஷயத்தைச் சொன்னார்.

அவரை அறிந்தவர்கள் இதைப் படிப்பீர்கள் என்று எண்ணித்தான் எழுதுகிறேன். துக்கமாக எழுத வேண்டும் என்றுதான் உட்கார்ந்தேன். முடியவில்லை. அவரோடு வேலை பார்த்த ஏழு வருடமும் புறப்பட்டுவிட்ட பஸ்ஸின் பின்னால் ஓடி ஏறுவது போலவே இருந்தது. மூச்சு வாங்கும், ஆனால் ஏறிவிடுவோம். அந்த மூச்சு வாங்கல் இந்த எழுத்திலும் இருக்கும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

கொழிஞ்சாம்பாறையில் அவர் வீட்டில் காரிய அறிவிப்பு அச்சடிக்கக் கொடுக்கும்போது ஒரு சிக்கல் வந்தது. பெயருக்குக் கீழே என்ன தொழில் என்று போடுவது? "அம்மிணி, உனக்குத்தான் தெரியும். இவுரு என்ன வேலை பார்த்தாருன்னு எழுதறதுங்?" என்று அவர் மனைவி என்னைக் கேட்டார். மைத்துனர் ஒருவர் சினிமா புரோக்கர் என்று போடச் சொன்னார். இன்னொருவர் டூரிங் டாக்கீஸ் முன்னாள் முதலாளி என்பதுதான் மரியாதை என்றார். நான் 'இசையமைப்பாளர்களின் மானேஜர்' என்று எழுதிக் கொடுத்தேன். அப்படி ஒரு வேலை உண்டா என்று அச்சகத்தில் கேட்டார்களாம்.

உண்டு. பாட்டுக்கு மெட்டுப் போடுகிறவர்களுக்காகப் படமுதலாளிகளிடம் பேசுவது, ஒப்பந்தம் எழுதி வாங்குவது, கோடம்பாக்கத்தில் அறை பிடித்துக் கொடுப்பது, ரெக்கார்டிங் அன்று காலையில் அவர்களைச் சாப்பிட வைப்பது, பயந்து ஊருக்கு ரயிலேறப் போனால் ஸ்டேஷனிலிருந்து திருப்பிக் கூட்டி வருவது. இவ்வளவும் ஒருவரே செய்தார். மதராஸில் உட்கார்ந்து செய்தால் நாலு பேருக்குத் தெரிந்திருக்கும். பாலக்காடு சுல்தான்பேட்டையில் ஒரு மாடி அறையில் உட்கார்ந்து செய்ததால் தெரியவில்லை. "மெட்டுப் போடறவன் இங்கதான் பொறக்கறான், அம்மிணி. மதராஸுக்குப் போறது அப்பறம்" என்பார்.

எழுபத்திரண்டில், பி.ஏ. முடித்து டைப்பிங் ஹையர் பாஸ் செய்த கையோடு அவரிடம் சேர்ந்தேன். கல்பாத்தியில் எங்கள் வீட்டில் மூன்று தலைமுறையாகப் பாட்டு உண்டு. சேர்ந்த முதல் வாரத்திலேயே கண்டுபிடித்துவிட்டேன்: சாருக்கு ஸ்வரஞானம் துளியும் இல்லை. மங்களம் பாடினால்கூட எந்தப் பாட்டு என்று கேட்பார். இவர் எப்படி இசையமைப்பாளர்களைத் தேர்ந்தெடுக்கிறார் என்று எனக்கு ஒரே வியப்பு. டூரிங் டாக்கீஸ் நடத்திய காலத்தில் கற்ற ஒரே ஒரு பரீட்சைதான் அவருக்கு. படம் விட்டுப் போகும்போது ஜனங்கள் எல்லாப் பாட்டையும்தான் பாடிக்கொண்டு போவார்களாம். மறுநாள் காலையில், தண்ணீர் பிடிக்கும்போதும் மாட்டை அவிழ்க்கும்போதும் வாயில் எது வருகிறது என்பதுதான் கணக்காம். "ராத்திரி பாடறது மரியாதைக்குங். காலையில பாடறதுதான் பாட்டு."

பேரம் பேசுவதில் அவரை மிஞ்ச ஆளில்லை. ஒருமுறை எங்கள் பழைய வயலின்காரர் ஒருவரை ஒரு முதலாளியிடம் கூட்டிப் போனார். முதலாளி, "என்ன எதிர்பார்க்கறீங்க?" என்று கேட்டதும் அந்த மனிதர் நெகிழ்ந்துபோய், வாய்ப்பே போதும் என்று சொல்லிவிட்டார். வெளியே வந்ததும் சார் அவரிடம் சொன்னது எங்கள் அலுவலகத்தில் சட்டமாகிவிட்டது: "இனி உள்ள போனா வாயைத் தொறக்காதீங்க. தொறந்தா மெட்டு மட்டுந்தான் வரோணும்."

இவை எல்லாம் உங்களில் பலருக்குத் தெரிந்திருக்கும். தேவிகுளத்தில் நடந்தது அதிகம் பேருக்குத் தெரியாது. அதைச் சொல்லத்தான் இவ்வளவும் எழுதினேன்.

இன்று நீங்கள் திரையில் பெயர் பார்க்கும் அருணாசலம் அன்று பெயரில்லாதவர். சக்குபள்ளத்து ஏலக்காய் ஸ்டோரில் காய் உலர்த்திக்கொண்டிருந்த குடும்பம். பத்து வருடம் மதராஸில் பெரியவர்களிடம் ஆர்மோனியம் வாசித்தார். அவர் போட்ட மெட்டுகள் வேறு பெயர்களில் வெளிவந்தன. முப்பத்தைந்து வயதில் ஊர் திரும்பி, மறுபடி ஸ்டோரில் நின்றுகொண்டிருந்தவரைச் சார் போய்க் கூட்டி வந்தார். வரும்போதே அருணாசலம் சொல்லிவிட்டார்: "அண்ணே, இது ஒண்ணு பாக்குறேன். இதுலயும் எம் பேரு வரலைன்னா அந்த ஆர்மோனியப் பெட்டிய வித்துட்டு ஸ்டோருக்கே போயிர்றேன். அப்புறம் என்னையக் கூப்பிடக் கூடாது." இரண்டு பெண் குழந்தைகள் இருந்த மனிதர். விளையாட்டாகச் சொல்லவில்லை.

பொள்ளாச்சி முதலாளி ஒருவர் தேயிலைத் தோட்டக் கதை ஒன்றைப் படமெடுக்க இருந்தார். அதற்கு அருணாசலம் ஒரு மெட்டுப் போட்டார். கொடுப்பதற்கு முன் பரீட்சை வைக்க வேண்டும் என்று சார் பிடிவாதம் பிடித்தார். தோட்டத்துப் பாட்டு என்றால் தோட்டத்திலேதான் பரீட்சையாம். தேவிகுளம் தாலுகா ஆபீசில் என் அத்திம்பேர் வேலை பார்த்ததால் அம்மா என்னையும் அனுப்பச் சம்மதித்தாள். உடுமலை, மறையூர் வழியாக ஜீப்பில் போனோம். பின்னால் கட்டியிருந்த ஆர்மோனியப் பெட்டி மழையில் நனைந்து ஒரு கட்டை செத்துப்போனது. அழுத்தினால் காற்றுதான் வந்தது. அருணாசலம் மூன்று நாளும் அதையே புலம்பினார். சாருக்கு அந்தப் புலம்பல் அலுத்துவிட்டது.

தோட்டத்து மாரியம்மன் கோவிலில் ஒரு மாலை பஜனை. கங்காணியிடம் அனுமதி வாங்கி அருணாசலம் பெட்டியோடு உட்கார்ந்தார். அவருக்குக் குரல் கிடையாது. பெட்டியால்தான் சொல்லிக் கொடுப்பார். சினிமாவுக்கு என்று யாரிடமும் சொல்லக் கூடாது என்பது சாரின் கட்டளை. சொன்னால் எல்லோரும் நன்றாக இருக்கிறது என்பார்களே தவிர உண்மை தெரியாதாம். கொழுந்து எடுக்கும் பெண்கள் பதினைந்து இருபது பேர் சுற்றி உட்கார்ந்து, பெட்டி வாசித்ததை வாயால் திருப்பிப் பாடினார்கள்.

மறுநாள் காலை தொழிலாளர் குடியிருக்கும் லயத்துக் குழாயடிக்கு என்னை அனுப்பினார். "ஆம்பளை நின்னா வாயைத் தொறக்க மாட்டாங்க. நீ போ அம்மிணி." அக்காவின் குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு, பனியில் பல் கிட்டித்துக்கொண்டு நின்றேன். யாரும் பாடவில்லை. குழாயில் சண்டைதான் நடந்தது. இரண்டு குடம் நிறைந்தது, மூன்று குடம் நிறைந்தது. பிறகு பேச்சியம்மாள் என்ற பெண், தலையில் சாக்கைக் கட்டிக்கொண்டே ஒரு வரி முணுமுணுத்தாள். பக்கத்தில் இருந்தவள் அடுத்த வரியை எடுத்தாள். மூன்றாம் வரிக்குக் குழாயடி முழுவதும் பாடியது.  குடத்தை அங்கேயே வைத்துவிட்டு மேட்டில் ஓடினேன். "பாடறா சார், எல்லாரும் பாடறா" என்றேன். சார் அருணாசலத்தைத் தூக்கி ஒரு சுற்றுச் சுற்றி இறக்கினார்.

பொள்ளாச்சிக்குப் போய் மெட்டை வாசித்தோம். முதலாளி அங்கேயே சரி என்றார். மூன்று வாரம் கழித்துத் தேவிகுளத்தில் படப்பிடிப்பு. அங்கே ஒப்பந்தம் எழுதிக்கொள்ளலாம் என்று பேச்சு. நான் டைப்ரைட்டரோடு போனேன்; அருணாசலம் இன்னும் ரிப்பேர் பார்க்காத அந்தப் பெட்டியோடு வந்தார். போய் இறங்கியபோது முதலாளி பங்களா வராந்தாவில் சிவந்த முகத்தோடு நின்றுகொண்டிருந்தார். எதிர்ச் சரிவில் பெண்கள் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தார்கள். பாடிக்கொண்டிருந்தார்கள். அருணாசலத்தின் மெட்டு. வார்த்தைகள் மட்டும் அவர்களுடையவை:

"கங்காணி குடைக்குள்ளே காத்துமழை நிக்குது,
கூடை தூக்கும் எங்க மேலே கொட்டித்தானே தீக்குது."

அந்தத் தோட்டம் மட்டுமல்ல, அடுத்த தோட்டத்திலும், மூணாறு பஸ்ஸிலும் அதையே பாடுகிறார்கள் என்று முதலாளி கேட்டுவிட்டு வந்திருந்தார். எங்கள் பரீட்சை தேவைக்கு மேல் ஜெயித்துவிட்டது. இது எங்கிருந்து வந்த பாட்டு என்று கங்காணியை விட்டுக் கேட்கச் சொல்லியிருக்கிறார். பெண்கள் அத்தனை பேரும் ஒரே குரலில், எங்கள் ஆத்தா காலத்துப் பாட்டு என்று சொல்லிவிட்டார்கள்.

முதலாளி சாரிடம் சொன்னார்: "ஏனுங் வேலுச்சாமி, ஊர்ப்பாட்டைத் திருடி எங்கிட்டயே விக்கறீங்களா? மெட்டு நல்லாருக்குது, நான் எடுத்துக்கறேன். டைட்டில் கார்டுல நாட்டுப்பாட்டுன்னு போட்டுக்கறேன். மீதிப் பாட்டுக்கு வேற ஆளைப் பாத்துக்கறேனுங்."

 அருணாசலத்துக்குப் பெயர் போனது ஒருபுறம். இப்போது திருடன் என்ற பெயரும் வந்துவிட்டது. அவர் ஆர்மோனியப் பெட்டியின் வாரைக் கட்டத் தொடங்கினார்.  சார் முதலாளியிடம் மதியம் வரை அவகாசம் கேட்டார். பிறகு என்னைக் கூட்டிக்கொண்டு சரிவில் இறங்கினார்.

அவர் கோபப்படுவார் என்று நினைத்தேன். பேச்சியம்மாள் கூடையை இறக்கிவிட்டு வந்தபோது, ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்று மட்டும் கேட்டார். அவள் பதில் சொன்னாள்: "எய்யா, கங்காணி குடையும் கையுமா வந்து நிக்காரு. அவர வச்சுக் கட்டுன பாட்ட எங்கேருந்து படிச்சியன்னு கேட்டா என்னத்தச் சொல்ல? ஆத்தா காலத்துப் பாட்டுன்னா, இந்தக் கங்காணி இல்ல, அந்தக் காலத்துக் கங்காணின்னு ஆயிரும்லா. அந்தப் பெட்டிக்காரரையும் காட்டிக் குடுக்க வேண்டாம்னு நெனச்சோம். பாவம், நல்ல மனுசன்."

சார் சிரித்துவிட்டார். தலையில் கையை வைத்துக்கொண்டு, பாதையோரம் உட்கார்ந்து சிரித்தார். பிறகு அவர்களிடம் முழுவதையும் சொன்னார்: சினிமா, ஒப்பந்தம், பெயர், ஏலக்காய் ஸ்டோர், பெண் குழந்தைகள். கடைசியில், "தப்பு உங்க மேல ஒண்ணுமில்லீங். சொல்லாம உங்களைப் பாட வெச்சவன் நானுங்" என்றார்.  பேச்சியம்மாளுக்கு வருத்தத்தைவிடக் கோபம்தான் அதிகம். முன்னாலேயே சொல்லியிருந்தால் வேறு வார்த்தை கட்டியிருப்போமே என்றாள்.

மதியச் சாப்பாட்டு நேரத்தில் பேச்சியம்மாளும் இன்னும் நாலு பெண்களும் பங்களாவுக்கு வந்தார்கள். உண்மையைச் சொன்னார்கள். முதலாளி நம்பவில்லை. காலையில் ஒன்று, மதியம் ஒன்று சொல்கிறவர்களை வைத்து என்ன செய்வது என்றார். அதில் நியாயம் இருந்தது. எனக்கு நம்பிக்கை போய்விட்டது.

அப்போதுதான் சார் கேட்டார், "அருணாசலம், அந்தச் செத்த கட்டை எங்க வருதுங்?"

ஸ்வரம் தெரியாத மனிதர் கேட்ட கேள்வி அது. மூன்று நாள் புலம்பல் அவர் காதில் விழாமல் இல்லை. அருணாசலம் நிமிர்ந்தார். வாரை அவிழ்த்தார். இரண்டாம் வரியில், குரல் மேலே ஏறுகிற இடத்தில் என்றார். சார் பேச்சியம்மாளைப் பாடச் சொன்னார்; வார்த்தை வேண்டாம், வெறும் மெட்டு போதும் என்று கங்காணியைக் கண்ணால் காட்டினார். அவளோ ஒருமுறை கங்காணியைப் பார்த்துவிட்டு, குடை, காத்துமழை எல்லாவற்றோடும் கணீரென்று பாடினாள். கங்காணி வராந்தா ஓரத்தில் விரித்த குடையோடு நின்றவர், மெதுவாகக் குடையை மடக்கினார்.

இரண்டாம் வரி மேலே ஏறும்போது ஒரு படியை விட்டுத் தாவியது. எனக்குக் கேட்டது. முதலாளிக்கும் கேட்டது, அவர் ஊரில் பஜனைக்குச் சுருதி பிடித்தவர். ஒவ்வொருத்தியாகப் பாடச் சொன்னார். ஐந்து பேரும் அதே இடத்தில் தாவினார்கள். சார் பெட்டியை அவர் பக்கம் திருப்பினார். "நீங்களே அமுக்கிப் பாருங்." முதலாளி அந்த வரியைக் கட்டை கட்டையாக அழுத்தினார். தாவிய இடத்துக் கட்டையை அழுத்தியபோது வெறும் காற்று வந்தது. இன்னொரு முறை அழுத்தினார். மறுபடி காற்று. நான் அருணாசலத்தின் ஸ்வர நோட்டை விரித்துக் காட்டினேன். பாலக்காட்டில், பெட்டி மழையில் நனைவதற்கு முன் எழுதியது. அதில் அந்த ஸ்வரம் இருந்தது. நோட்டில் உண்டு, பெட்டியில் இல்லை, அதனால் பெண்கள் வாயிலும் இல்லை.

"பெட்டி தாண்டிச்சு, நாங்களும் தாண்டுனோம். அவ்வளவுதானய்யா" என்றாள் பேச்சியம்மாள்.

முதலாளி பெட்டியை மூடினார். பிறகு, பெயர் போடுகிறேன் என்றார். சார் அதோடு விடவில்லை. சண்டைப் பயிற்சி, ஒப்பனை, தையல் எல்லாவற்றோடும் சேர்த்து ஒரு மூலையில் போடுவதா, தனிக் கார்டா என்று கேட்டார். திருடன் என்று சொன்ன வாய்க்குத் தனிக் கார்டுதான் பரிகாரமாம். முதலாளி தலையில் அடித்துக்கொண்டு ஒப்புக்கொண்டார். வராந்தாவிலேயே டைப்ரைட்டரை வைத்து நான் ஒப்பந்தம் அடித்தேன். கை விறைத்துப்போய் மூன்று இடத்தில் எழுத்துப் பிழை. யாரும் கண்டுகொள்ளவில்லை. பாட்டு பதிவானபோது அருணாசலம் அந்த ஸ்வரத்தைத் திரும்பச் சேர்க்கவில்லை. தாவல்தான் அழகு என்றார். இன்று ரேடியோவில் கேட்டுப் பாருங்கள்.

படம் பாலக்காட்டுக்கு வந்த முதல் நாள் மேட்னிக்கு மூவரும் போனோம். எழுத்துகள் ஓடத் தொடங்கின.  இசை என்று வந்தது. கீழே ஒரே ஒரு பெயர். திரை நிறைய. நான் திரும்பி அருணாசலத்தைப் பார்த்தேன். அவர் முழங்காலில் முகத்தைப் புதைத்துக்கொண்டிருந்தார். வராமல் போய்விட்டால் என்ன செய்வது என்ற பயத்தில் குனிந்தவர், வந்ததைப் பார்க்கவே இல்லை. நிமிர்ந்தபோது டைரக்டர் பெயர் போய்க்கொண்டிருந்தது. சார் அவரைக் கையைப் பிடித்து வெளியே இழுத்துப் போனார். படத்தைப் பார்க்க விடவில்லை. மாலைக் காட்சிக்கு மறுபடி டிக்கெட் எடுத்து, எழுத்து ஓடும்போது எழுந்து நின்று அருணாசலத்தின் மோவாயைத் தன் கையால் தாங்கிப் பிடித்துக்கொண்டார், குழந்தைக்கு மருந்து கொடுப்பது போல. "பாருங், கண்ணை மூடாதீங்" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். பின் வரிசையிலிருந்து ஒருவர், உட்காருய்யா பெருசு என்று அதட்டினார். சார் உட்காரவில்லை.

அடுத்த நாளிலிருந்து எங்கள் ஒப்பந்தங்களில் ஒரு வரி சேர்ந்தது. 'இம்மெட்டை இதற்கு முன் யார், எங்கே பாடியிருந்தாலும், அமைத்தவர் பெயர் தனிக் கார்டில், வேறு பெயர் கலவாமல் வரும்.' வக்கீல்கள் சிரித்தார்கள். சில முதலாளிகள் எழுந்து போனார்கள். சார் அந்த வரியை எடுத்ததே இல்லை. அதற்காக இரண்டு படங்களை இழந்தோம். அப்போதெல்லாம் எனக்கு அது வீம்பாகத்தான் தோன்றியது. சொல்லியும் இருக்கிறேன்.

போன திங்கட்கிழமை மதராஸிலிருந்து டிரங்க் கால் வந்தது. எங்கள் புதிய புல்லாங்குழல்காரரின் முதல் படத்தை எடுக்கும் முதலாளி. துக்கம் விசாரித்தார். பெரியவர் போய்விட்டார், இனி யார் அதையெல்லாம் பார்க்கப் போகிறார்கள், அந்த ஒரு வரியை மட்டும் அடித்துவிட்டு அனுப்பிவிடு அம்மா என்றார். ஏழு வருடத்தில் நான் எந்த முதலாளியிடமும் நேராகப் பேசியதில்லை. சார் பேசுவார், நான் அடிப்பேன். லாரி ஆபீசில் நாலு பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். 

வேலுச்சாமி சாரிடமிருந்து எனக்கென்று நான் வைத்துக்கொண்டது அவர் படமல்ல, பையல்ல. அந்த வரிதான். அதை முதலாளிக்கு முழுவதும் வாசித்துக் காட்டினேன். அது அப்படியேதான் இருக்கும் என்றேன். அவர் ஏதோ சொல்லத் தொடங்கினார். அதற்குள் நடுவே எக்ஸ்சேஞ்ச் பெண் குறுக்கிட்டு, மூன்று நிமிடம் முடிந்துவிட்டது என்றாள்.

இன்னும் மூன்று நிமிடம் கொடுங்கள் என்றேன்.